பக்கக் கதவு மூடியிருந்தது

மூன்று வருடங்களுக்கு முன் ஒரு செப்டம்பர் மாதம், விஸ்வகர்மா பூஜையன்று, மதியம் இரண்டே முக்கால் மணிக்கு நடந்தது இது. இடம், தெற்குக் கொல்கத்தாவில் ஒரு பல்கலைக்கழகத்தின் உள்விளையாட்டு அரங்கம். அங்கே இயந்திரங்களையும் மின் சாதனங்களையும் கவனிக்கும் பொறியாளராக நான் சேர்ந்து அப்போது பத்து மாதம் ஆகியிருந்தது. நேரம் இவ்வளவு சரியாக நினைவிருக்கக் காரணம், அதை நானே ஒரு தாளில் என் கையால் எழுதியிருந்ததுதான்.

அப்பாவுக்குக் கார்டன் ரீச்சில் ரயில்வே அலுவலகத்தில் வேலை. வீடு பெஹாலாவில். திருநெல்வேலிப் பக்கத்துக் குடும்பம் என்றாலும் நான் பிறந்து வளர்ந்து படித்ததெல்லாம் இங்கேதான். வெளியே வங்காளம், வீட்டுக்குள் தமிழ். எதைச் செய்தாலும் பட்டியல் போட்டுச் செய்வது சிறு வயதிலிருந்தே என் பழக்கம். மளிகைக்கு ஒன்று, ஊருக்குக் கிளம்பும் பெட்டிக்கு ஒன்று, பரீட்சைக்கு முதல் நாள் ஒன்று. இவளுக்குக் கல்யாணம் ஆனால் மாப்பிள்ளைக்கும் ஒரு லிஸ்ட் ஒட்டிவிடுவாள் என்று அம்மா கேலி செய்வாள்.

அரங்கத்தைக் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். பெரிய மரத்தளம். ஒரே தளத்தில் பாட்மிண்டனுக்குப் பச்சைக் கோடு, வாலிபாலுக்கு மஞ்சள், கூடைப்பந்துக்குக் கறுப்பு. முதல்முறை பார்ப்பவர்களுக்கு யாரோ ஒன்றின் மேல் ஒன்றாக மூன்று கோலம் போட்டுவிட்டது போலத் தெரியும். விளையாட்டு இல்லாத நாட்களில் அதே இடம் பட்டமளிப்பு மண்டபம், பரீட்சைக் கூடம், கலைவிழா மேடை. இப்படி மாற்றிக்கொள்ள முடிவது இரண்டு நீளப் பக்கங்களிலும் இருக்கும் இழுப்பு கேலரியால்தான். மூடியிருக்கும்போது பத்து வரிசைப் படிகளும் ஒன்றுக்குள் ஒன்று நுழைந்து, சுவரோடு ஓர் அலமாரி போல நிற்கும். மோட்டாரை ஓட்டினால் மேசை இழுப்பறை மாதிரி ஒவ்வொரு வரிசையாக வெளியே வந்து, படிப்படியாக விரியும்.

விரிந்திருக்கும்போது அதன் அடியில் இரும்புச் சட்டங்களும் சக்கரங்களுமாக ஓர் இருட்டுக் குகை உண்டாகும். சுவர்ப் பக்கம் ஆள் நிமிர்ந்து நிற்கலாம். முன்பக்கம் போகப் போகக் குனிய வேண்டும். உள்ளே போவதற்குப் பக்கவாட்டில், சுவரை ஒட்டி, ஒரு சிறிய தகரக் கதவு. கேலரியை மூடும்போது அந்தக் குகை முழுவதும் இல்லாமல் போய்விடும்.

இந்தக் கேலரியை இயக்குவது ஒரு மிஸ்திரியின், அதாவது மெக்கானிக்கின், பொறுப்பு. முப்பத்தைந்து வயதுக்காரர், வாய் ஓயாதவர், வேலையில் கெட்டிக்காரர். அவரை நான் தாதா என்பேன், வங்காளத்தில் அண்ணன். அவர் என்னைத் தீதி, அதாவது அக்கா, என்பார். அவரிடம் எழுதி வைத்த முறை எதுவும் கிடையாது. ஒரு சுற்று நடப்பார், பக்கக் கதவை முஷ்டியால் இரண்டு தட்டு தட்டி, "ஹோய்!" என்று ஒரு சத்தம் கொடுப்பார், கேலரியின் தகட்டைத் தொட்டு நெற்றியில் வைத்துக்கொள்வார், ஒயர் முனையில் தொங்கும் பட்டன் பெட்டியைக் கையில் எடுப்பார். அவ்வளவுதான்.

நான் சேர்ந்த மாதமே அவர் செய்வதைப் பக்கத்தில் நின்று பார்த்து ஒரு பட்டியல் எழுதினேன். ஒன்பது வரிகள். மின்சாரம் சரியா, படிகளில் யாரும் இல்லையா, கேலரிக்கு முன்னால் தளத்தில் எந்தப் பொருளும் இல்லையா, பக்கக் கதவு மூடியிருக்கிறதா என்று போகும். அவர் செய்ததில் இரண்டை நான் சேர்க்கவில்லை. கதவைத் தட்டிச் சத்தம் கொடுப்பது ஒன்று, தொட்டுக் கும்பிடுவது ஒன்று. இரண்டும் அவருடைய பழக்கம், வேலைக்குச் சம்பந்தமில்லாதது என்று நினைத்தேன். பட்டியலுக்குப் பிளாஸ்டிக் உறை போட்டுச் சுவரில் மாட்டியபோது எனக்குப் பெருமையாகவே இருந்தது.

இனி அந்த நாள். விஸ்வகர்மா பூஜை என்றால் இங்கே ரிக்‌ஷா ஸ்டாண்டிலிருந்து பெரிய தொழிற்சாலை வரை எல்லா இயந்திரத்துக்கும் ஓய்வு. நம் வீடுகளில் ஆயுத பூஜைக்குச் செய்வதைத்தான் இவர்கள் ஒரு மாதம் முன்னதாகச் செய்கிறார்கள். அரங்கத்தின் ஒரு மூலையில் யானை மேல் உட்கார்ந்த சின்ன மண் விக்கிரகம். அதன் காலடியில் எங்கள் ஸ்பானர்கள், கட்டர், டெஸ்டர், மின்விசிறி மிஸ்திரியின் ஏணி கூட. எல்லாவற்றுக்கும் மேலே கேலரியின் பட்டன் பெட்டி, கேந்திப்பூ மாலையும் குங்குமப் பொட்டுமாக. கெடக்கூடியது கெட்டே தீரும் என்கிற மர்ஃபி விதிக்கும் இன்றைக்கு லீவு என்று யாரோ சொல்லிச் சிரித்தார்கள். காலையில் பூஜை முடிந்தது. மதியம் எல்லாரும் வரிசையாக உட்கார்ந்து கிச்சடியும் காய்கறிக் கூட்டும் சாப்பிட்டோம். அதன் பிறகு அத்தனை பேரும் மொட்டை மாடிக்குப் போய்விட்டார்கள். அன்று கொல்கத்தா முழுக்கப் பட்டம் விடும் நாள். யார் பட்டம் அறுந்தாலும் ஊரே கூச்சல் போடும்.

ஒன்றரை மணிக்கு என் மேலதிகாரி போன் செய்தார். மறுநாள் பிற்பகல் தொடங்க வேண்டிய கல்லூரிகளுக்கிடையிலான பெண்கள் வாலிபால் போட்டியைக் காலை எட்டு மணிக்கே தொடங்குவதாக முடிவு செய்திருக்கிறார்களாம். முந்தின நாள் நடந்த விழாவுக்காக இரண்டு பக்கக் கேலரியும் விரித்தபடி இருந்தது. அதில் மேற்குப் பக்கத்தை மூடினால்தான் கோர்ட்டுக்கு இடம் வரும்.

மாடிக்குப் போய் மிஸ்திரியிடம் சொன்னேன். ஒரு கையில் நூல் ராட்டு, கண் வானத்தில்.

"காலைல ஆறு மணிக்கு வந்து பத்து நிமிஷத்துல மூடித் தர்றேன் தீதி."

"ஆறு மணிக்கு மோட்டார் மக்கர் பண்ணுனா என்ன செய்வீங்க? சரி பண்ண நேரம் வேணாமா?"

"இன்னைக்கு மரியாதையா லீவு குடுத்தா நாளைக்கு ஏன் மக்கர் பண்ணுது? இன்னைக்குத் தொட்டாத்தான் பண்ணும்."

"தாதா, ரெண்டு நிமிஷ வேலை."

"ரெண்டு நிமிஷமோ ரெண்டு செகண்டோ, இன்னைக்கு அது அசையாது. உங்க மெட்ராஸ் சாமி அடுத்த மாசம்தானே லீவு எடுக்குது? அப்ப நான் வந்து எதையாவது தொடுன்னா தொடுவீங்களா?" என்று சிரித்துக்கொண்டே ராட்டை என் பக்கம் நீட்டினார். "விடுங்க. இதைப் பிடிங்க. கையைக் காலை அறுத்துக்காதீங்க, மாஞ்சா நூல்."

நான் பிடிக்கவில்லை. கீழே வந்துவிட்டேன்.

படிக்கட்டில் இறங்கும்போதே அவர் வேடிக்கையாகச் சொன்னதை வைத்து ஒரு கணக்குப் போட்டேன். அவருக்கு இன்றைக்குப் பூஜை, அவர் தொடக்கூடாது. எனக்கு அடுத்த மாதம் நவமியன்று. எனவே இன்றைக்கு நான் தொடலாம். விக்கிரகத்தின் காலடியில் இருக்கும் பட்டன் பெட்டியை எடுப்பது மரியாதை இல்லை. ஆனால் என் அலமாரியில் உபரியாக இன்னொன்று இருக்கிறது. யார் மனதும் புண்படாது, வேலையும் முடிந்துவிடும். மிகவும் சரியான தீர்வாகத்தான் அப்போது பட்டது. இரண்டு பண்டிகைக் காலண்டரோடு வளர்ந்தவர்களுக்கு மட்டுமே தோன்றக்கூடிய புத்திசாலித்தனம் அது.

உபரிப் பெட்டியைப் பொருத்திவிட்டு, புதிய தாள் ஒன்றில் தேதி எழுதி, என் பட்டியலை ஒவ்வொன்றாகச் செய்தேன். அவசரப்படவில்லை. இதை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். ஒரு வரியையும் தாண்டவில்லை.

மின்சாரம் சரி. படிகளில் ஆள் இல்லை. பத்து வரிசையும் ஏறி இறங்கிப் பார்த்தேன். தளத்தில் பொருள் எதுவும் இருக்கக்கூடாது என்ற வரிக்கு வந்தபோது, மேற்குக் கேலரியின் பக்கக் கதவுக்கு முன்னால் ஒரு ஜோடி நீல ரப்பர் செருப்பு கிடந்தது. கிடந்தது என்பது சரியில்லை, வைத்திருந்தது. இரண்டும் ஒட்டினாற்போல, நுனி வெளிப்பக்கம் பார்க்க. ஒரு வார் பிய்ந்து ஊக்கு குத்தியிருந்தது. மரத்தளத்தில் செருப்போடு வரக்கூடாது என்பதால் எல்லாரும் பெரிய வாசலில் கழற்றிவிட்டு வருவார்கள். அன்று பூஜைக்கு வந்தவர்களின் செருப்புகள் அங்கே குவிந்து கிடந்தன. யாரோ பொறுப்பில்லாமல் இங்கே விட்டுவிட்டார்கள் என்று நினைத்து, இரண்டு விரலால் தூக்கிக்கொண்டு போய் அந்தக் குவியலில் போட்டுவிட்டு வந்தேன். டிக் போட்டேன்.

அடுத்த வரி, பக்கக் கதவு. கையால் தள்ளிப் பார்த்தேன். நன்றாக மூடியிருந்தது. டிக் போட்டேன்.

இரண்டே முக்கால் என்று தாளில் நேரத்தை எழுதிவிட்டுப் பட்டனை அழுத்தினேன்.

மோட்டார் முதலில் முனகும். பிறகு முதல் வரிசை அசைந்து பின்னால் போகத் தொடங்கும். அப்போதுதான் மாடியில் யாருடைய பட்டமோ அறுந்தது போல. மேலே பெரிய கூச்சல், சங்கு ஊதுகிற சத்தம், தகரத் தட்டு அடிக்கிற சத்தம். அந்தக் கூச்சலோடு ஒரு பெண் குரலும் கேட்டது. அதையும் மாடியிலிருந்து வருவதாகத்தான் எடுத்துக்கொண்டேன். விரலை எடுக்கவில்லை. எவ்வளவு நேரம் என்று பிறகு பலமுறை கணக்குப் போட்டிருக்கிறேன். மூன்று விநாடிக்கு மேல் இருக்காது.

அதன் பிறகு ஒரு சத்தம் வந்தது. மெல்லிய தகரம் நசுங்குகிற சத்தம். அந்த இயந்திரத்தின் எல்லாச் சத்தமும் எனக்குத் தெரியும். அதில் இது இல்லை. விரலை எடுத்தேன். கேலரி நின்றது. அப்போதும் பெண் குரல் நிற்கவில்லை. அது மாடியிலிருந்து வரவில்லை. எனக்கு முன்னால், படிகளுக்கு அடியிலிருந்து வந்தது.

ஓடிப்போய்ப் பக்கக் கதவைத் திறந்தேன். உள்ளே ஒரு செல்போன் டார்ச் தரையில் மல்லாந்து எரிந்துகொண்டிருந்தது. அரங்கத்தைச் சுத்தம் செய்யும் மாஷி, நாலாவது ஐந்தாவது வரிசைச் சட்டங்களுக்கு நடுவே, சுவரைப் பார்த்தபடி ஒருக்களித்து நின்றிருந்தார். முன்னால் ஒரு சட்டம், முதுகுக்குப் பின்னால் ஒரு சட்டம். நடுவில் ஒரு முழம் இருக்கலாம். அவருடைய தகர வாளி அடுத்த இடைவெளியில் சிக்கி அப்பளம் போல நசுங்கியிருந்தது. சேலைத் தலைப்பு ஒரு சக்கரத்துக்குள் போய் இறுகி, அவரைக் கீழ்நோக்கி இழுத்துப் பிடித்திருந்தது.

மாஷி என்றால் சித்தி, பெரியம்மா மாதிரி. வீட்டு வேலை, கூட்டும் வேலை செய்கிற பெண்களை இங்கே எல்லாரும் அப்படித்தான் கூப்பிடுவோம். இவர் ஒரு துப்புரவு ஒப்பந்தக்காரரின் ஆள். நாற்பது வயதுக்கு மேல் இருக்கும்.

"அசையாதீங்க மாஷி" என்றேன். அசைய முடியாத ஒருவரிடம் சொல்ல எனக்கு அதுதான் கிடைத்தது.

"நீங்க அசைக்காதீங்க" என்றார் அவர்.

பட்டனை எதிர்ப்பக்கம் அழுத்தினால் கேலரி திரும்ப வெளியே வரும். ஆனால் சக்கரம் சுற்றினால் சேலையை எந்தப் பக்கம் இழுக்கும் என்று எனக்கு உறுதியாகத் தெரியவில்லை. என் பட்டியலில் அதற்கு வரி இல்லை. மெயின் சுவிட்சை அணைத்துவிட்டு, மாடிப் படிக்கட்டின் அடியில் நின்று என் வாழ்க்கையில் அதுவரை கத்தாத அளவுக்குக் கத்தினேன்.

மிஸ்திரிதான் முதலில் வந்தார். ஒரு பார்வையில் புரிந்துகொண்டார். நேராக மூலைக்குப் போனார். காலையிலிருந்து யாரையும் கிட்டே விடாமல் காவல் காத்த அந்த விக்கிரகத்தின் காலடியிலிருந்து, மாலையை ஒதுக்கி, பெரிய ஸ்பானரையும் கட்டரையும் உருவினார். கும்பிடக்கூட இல்லை. குங்குமம் அவர் உள்ளங்கையில் ஒட்டியிருந்தது. உள்ளே ஊர்ந்து போய் முதலில் சேலைத் தலைப்பை வெட்டினார். பிறகு மோட்டாரின் பிடியைத் தளர்த்தினார். மற்றவர்கள் ஏழெட்டுப் பேர் வெளியே நின்று, அவர் உள்ளேயிருந்து சொல்லச் சொல்ல, கேலரியைக் கையாலேயே விரல் விரலாக வெளியே இழுத்தார்கள். நானும் இழுத்தேன். மாடியில் அறுந்துபோன பட்டங்களின் நூல் இன்னும் சிலர் கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது.

மாஷி தானே நடந்து வெளியே வந்தார். ஒரு முழங்காலில் தோல் உரிந்து ரத்தம். தோளில் ஒரு சிராய்ப்பு. கிழிந்த தலைப்பை இழுத்து இடுப்பில் செருகிக்கொண்டு, கதவுக்கு முன்னால் தரையைப் பார்த்தார்.

"என் செருப்பு எங்கே?"

கதவின் இரண்டு பக்கமும் தேடினார்.

"இங்கதானே விட்டேன். எப்பவும் இங்கதான் விடுவேன். யாரு எடுத்தது?"

நான்தான் என்றேன். தளத்தில் பொருள் இருக்கக்கூடாது என்பதற்காக எடுத்துப் போட்டேன் என்றேன். அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். கோபம் என்று சொல்ல முடியாது. ஏதோ ஒரு சின்ன விஷயம் எனக்குத் தெரியும் என்று இத்தனை நாள் நம்பியிருந்து, இல்லை என்று இப்போது தெரிந்துகொண்டவர் போல.

"செருப்பு வெளிய இருந்தா ஆளு உள்ள இருக்குன்னு அர்த்தம் இல்லையா தீதி? உங்க வீட்ல எப்படி?"

பல்கலைக்கழகச் சுகாதார மையத்துக்குக் கூட்டிக்கொண்டு போனோம். எலும்பு எதுவும் முறியவில்லை. ஊசி போட்டுக் கட்டுப் போட்டார்கள். காத்திருந்த நேரத்தில் மிஸ்திரி எனக்குச் சொன்னார். மற்ற நாட்களில் மாஷி இரண்டு வரிசைக்கு மேல் உள்ளே போகமாட்டார். கேலரியை எப்போது யார் மூடுவார்கள் என்று தெரியாது. விஸ்வகர்மா பூஜையன்று மட்டும் அது அசையவே அசையாது. அதனால் வருடா வருடம் அன்றைக்குத்தான் உள்ளே கடைசி வரை போய், ஒரு வருடத்துத் தண்ணீர் பாட்டிலும் சாக்லெட் காகிதமும் பெருக்கித் துடைப்பார். சேலையை முழங்காலுக்கு மேலே தூக்கிச் செருகிக்கொண்டு வேலை செய்வதால், பூஜைக்கு வரும் ஆண்கள் பார்க்காமல் இருக்க, கதவை உள்ளேயிருந்து இழுத்து மூடிக்கொள்வார். செருப்பு வெளியே இருக்கும். இது அரங்கத்தில் எல்லாருக்கும் தெரியும்.

"நீங்க தெனமும் கதவைத் தட்டுறது?" என்று கேட்டேன்.

"மாஷிக்குத்தான். சில நாள் உள்ளேருந்து 'இருடா வரேன்'னு திட்டு வரும்" என்றார். "நீங்க எழுதிக்கிட்டிருந்தீங்களே, அப்பவும் தட்டினேனே."

தட்டினார். நான்தான் எழுதவில்லை. அது மட்டுமல்ல. பக்கக் கதவு மூடியிருக்கிறதா என்ற வரியை நான் எதற்காக எழுதினேன் என்று அங்கே உட்கார்ந்து யோசித்துப் பார்த்தேன். கதவு திறந்திருந்தால் நகர்ந்து வரும் வரிசை அதில் மோதித் தகரத்தை வளைத்துவிடும் என்பதற்காக. கதவைக் காப்பாற்ற எழுதிய வரி அது.

மாஷி வெளியே வந்ததும், விபத்து அறிக்கை எழுத வேண்டும், விவரம் சொல்லுங்கள் என்றேன். அதுவரை நிதானமாக இருந்தவர் அப்போதுதான் பதறினார்.

"எழுதாதீங்க. எனக்கு ஒண்ணும் ஆகலையே. முழங்கால்தானே."

"தப்பு என்னோடது மாஷி. அதை நான் எழுதணும்."

"தப்பு உங்களோடதுன்னு நீங்க எழுதுவீங்க. இந்தப் பொம்பளை ஏன் உள்ள போனான்னு கண்ட்ராக்டர் கேப்பான். நாளையிலேருந்து வேற ஆளு வருவா. உங்க பேரு நிக்கும், என் பேரு போயிடும்." பிறகு கையெடுத்துக் கும்பிட்டார். என்னால் கிட்டத்தட்ட உயிர் போயிருக்கக்கூடிய ஒருவர் என்னைக் கும்பிட்டதை எந்த இடத்தில் வைப்பது என்று எனக்கு இன்று வரை தெரியவில்லை.

எழுதாமல் விட முடியாது. எழுதாவிட்டால் சுவரில் அந்தப் பட்டியல் அப்படியே இருக்கும்; இன்னொருவர் ஒன்பது டிக் போட்டு இன்னொருமுறை அழுத்துவார். எழுதினால் இவருடைய வேலைக்கு ஆபத்து. மேசையில் படிவத்தை வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்திருந்தேன். படிவத்தில் மூன்றாவது கட்டம், பாதிக்கப்பட்டவரின் பெயர். அங்கே பேனாவை வைத்தபோதுதான் தெரிந்தது, எனக்கு அவர் பெயரே தெரியாது. பத்து மாதம் தினமும் பார்த்திருக்கிறேன். அரங்கத்தில் இருக்கும் ஒவ்வொரு மோட்டாரின் வரிசை எண்ணும் எனக்கு மனப்பாடம்.

எழுந்துபோய்க் கேட்டிருக்கலாம். கேட்டால் எழுத வேண்டியிருக்கும். அதனால் கேட்கவில்லை. என் அறைக்கு வந்த மிஸ்திரி சொல்ல வாயெடுத்தபோது, "வேண்டாம் தாதா, எனக்குத் தெரிய வேண்டாம்" என்று தடுத்துவிட்டேன். அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டு, கீழே இப்படி எழுதினேன். இயக்குபவரின் அனுமதி இல்லாமல், ஓய்வு நாள் என்று எல்லாரும் அறிந்த நாளில், நான் தனியாக இயக்கினேன். உள்ளே இருந்தவர் வழக்கமான நாளில், வழக்கமான வேலைக்காக, வழக்கமான அடையாளத்தை வெளியே வைத்துவிட்டுத்தான் போயிருந்தார். அந்த அடையாளத்தை நான் அகற்றினேன். பட்டியலில் குறை. பட்டியல் என்னுடையது.

வீட்டுக்குப் போனதும், "என்னட்டி, மொகம் ஒருமாதிரி கெடக்கு?" என்று அம்மா கேட்டாள். சொன்னேன். அவள் வாசலுக்குப் போய் என் செருப்பைப் பார்த்துவிட்டு வந்தது மாதிரி இருந்தது. நான் கற்பனை செய்திருக்கலாம்.

மறுநாள் காலை ஆறு மணிக்கு மிஸ்திரி வந்தார். கதவைத் தட்டி, சத்தம் கொடுத்து, பத்து நிமிடத்தில் கேலரியை மூடித் தந்தார். மோட்டார் மக்கர் செய்யவில்லை. எட்டு மணிக்குப் போட்டி தொடங்கியது.

பதினோரு மணிக்கு மேலதிகாரி என்னைக் கூப்பிட்டார். அறிக்கையை இரண்டு முறை படித்துவிட்டு, மூன்றாவது கட்டத்தில் விரலை வைத்தார்.

"பேர் இல்லையே?"

"எனக்குத் தெரியாது சார்."

"தெரியாதா, சொல்ல மாட்டியா?"

"நேத்து வரைக்கும் தெரியாது. இன்னைக்கும் யாரையும் கேக்கல. இந்தத் தப்புல எழுத வேண்டிய பேரு ஒண்ணுதான், அது கடைசிக் கட்டத்துல கையெழுத்தா இருக்கு."

அவர் சுத்தம் செய்பவர்கள் யார் என்று ஒரு போன் போட்டால் ஒரு நிமிடத்தில் தெரிந்துகொள்ளலாம். போனைப் பார்த்தார். நான் நின்றுகொண்டே இருந்தேன். பிறகு பேனாவை எடுத்து அந்தக் கட்டத்தில் குறுக்கே ஒரு கோடு போட்டு, பக்கத்தில் சிறிய கையெழுத்தும் போட்டார். எனக்கு எழுத்தில் கண்டனம் வந்தது. மூன்று மாதம் எந்த இயந்திரத்தையும் நான் தனியாக இயக்கக்கூடாது. இரண்டும் நியாயம்.

விசாரணை முடிந்தது என்ற தாள் கைக்கு வந்த அன்று சாயங்காலம், மாஷி வாளியோடு போய்க்கொண்டிருந்தபோது நிறுத்திப் பெயரைக் கேட்டேன். புது வாளி, பிளாஸ்டிக்.

"எதுக்கு? இப்ப எழுதப் போறீங்களா?"

"எழுதத்தான். ஆனா போர்டுல."

பக்கக் கதவுக்குப் பக்கத்தில் ஒரு சின்னப் பலகை மாட்டினோம். அதில் கொக்கிகள். உள்ளே போகிறவர் தன் பெயர் எழுதிய வில்லையைத் தொங்கவிட்டுவிட்டுப் போக வேண்டும். வெளியே வந்து அவரே எடுக்க வேண்டும். வேறு யாரும் தொடக்கூடாது. முதல் வில்லை அவருடையது. பெயரைத் தடவிப் பார்த்துவிட்டு, "எழுத்து நல்லாருக்கு" என்றார். தொங்கவிட்டார். அதன் பிறகும் செருப்பை அதே இடத்தில், அதே மாதிரி வைத்துவிட்டுத்தான் உள்ளே போனார். பலகை என்னுடைய திருப்திக்கு, செருப்பு அவருடைய திருப்திக்கு.

இப்போது பட்டியலில் பத்து வரிகள். முதல் வரி, கதவைத் தட்டிக் குரல் கொடுத்து, பதில் வருகிறதா என்று நிற்பது. மிஸ்திரி அதைப் படித்துவிட்டு, "தொட்டுக் கும்பிடறதையும் பதினொண்ணாப் போட்டிருக்கலாமே தீதி" என்றார். போடவில்லை. ஆனால் விஸ்வகர்மா பூஜை வரும்போது, என் அலமாரியில் இருக்கும் உபரிப் பட்டன் பெட்டியையும் எடுத்துக்கொண்டு போய் நானே அந்தக் காலடியில் வைத்துவிடுகிறேன். அன்று மதியம் எல்லாரும் பட்டம் விடப் போன பிறகு, மேற்குப் பக்கக் கதவு உள்ளேயிருந்து மூடிக்கொள்ளும். அதன் முன்னால் ஒரு ஜோடி செருப்பு, நுனி வெளியே பார்க்க, இருக்கும்.

அதைக் கடந்து போகும்போதெல்லாம் சற்றுச் சுற்றியே போகிறேன்; வேலை செய்யும் இடத்தில் இடைஞ்சலாகக் கிடப்பதாக எனக்குத் தோன்றும் எந்தப் பொருளையும், அது யாருடையது, அவர் இப்போது எங்கே இருக்கிறார் என்று கேட்காமல் இன்று வரை நான் கையில் எடுத்ததில்லை.